மேல்முறையீடும் நீதிப் பேராணையும்

திருவனந்தபுரத்திலிருந்து நெடுமங்காடு வழியாகப் பொன்முடி மலைக்கு ஏறும் சாலையில், அடிவாரத்தை அடுத்து அமைந்துள்ள ஊர் வித்துரா. சுற்றுவட்டாரத்தில் ரப்பர்த் தோட்டங்களும், மலைமேல் தேயிலைத் தோட்டங்களும் உண்டு. அத்தோட்டங்களின் லயங்களில் தலைமுறை தலைமுறையாகத் தமிழ் பேசி வாழ்ந்தவர்கள் பலர். பிழைப்பை நாடித் தென்பாண்டிச் சீமையிலிருந்து மலை கடந்து வந்து, சிறு கடை வைத்தும் சிறு நிலம் வாங்கியும் நிலைபெற்றவர்களைப் பழைய திருவிதாங்கூர் நாடெங்கும் காணலாம். இவ்வாறு வேற்று மாநிலத்தில் குடியேறி வாழும் நம்மவர்க்கு அங்குள்ள அரசாங்கத்தோடு ஏற்படும் முதல் உறவு, பெரும்பாலும் வரியைப் பற்றியதாகவே இருக்கிறது. ஓட்டுச்சீட்டு ஐந்தாண்டுக்கொருமுறை வரும். வரிச்சீட்டோ ஆண்டு தவறாமல் வரும்.

அவ்வூரில் மளிகைக்கடை நடத்தும் ஒருவருக்கு, கணக்கில் காட்டாத விற்பனை நிகழ்ந்திருப்பதாக மதிப்பிட்டு, ஓர் இலட்சம் ரூபாய் வரி கட்டுமாறு ஆணை வருகிறதென்று வைத்துக்கொள்வோம். அவ்வாணை தவறு என்பது அவருடைய உறுதியான எண்ணம். அவர்முன் இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று, வரிச்சட்டமே வகுத்துள்ள மேல்முறையீடு. அதாவது, அதே துறையைச் சேர்ந்த உயர் அதிகாரியிடம், குறித்த நாட்களுக்குள், குறித்த தொகையைக் கட்டிவிட்டு முறையிடுவது. மற்றொன்று, எர்ணாகுளத்திலுள்ள உயர் நீதிமன்றத்தில், அரசியல் சட்டத்தின் 226ஆவது விதியின்கீழ் நீதிப் பேராணை வேண்டி மனுச் செய்வது. இதனையே வழக்கில் ரிட் மனு என்கிறோம். முதல் வழி திறந்திருக்கும்போது இரண்டாவது வழியில் செல்லலாமா? இவ்வினாவுக்கு இன்று கிடைக்கும் விடை ஒரே நாளில் உருவானதன்று. அதன் பின்னே இருநூற்றைம்பது ஆண்டு வரலாறு இருக்கிறது. அவ்வரலாற்றையே இங்குச் சுருக்கமாக நோக்க முற்படுகிறோம்.

முதலில், வரி விஷயத்தில் நீதிமன்றம் வாய் திறக்கவே கூடாதென்றிருந்த காலத்தை நினைவுகூர வேண்டும். கிழக்கிந்தியக் கம்பெனியார் வங்காளத்தில் நிலவரி தண்டத் தொடங்கியபின், 1774ஆம் ஆண்டில் கல்கத்தாவில் ஒரு சுப்ரீம் கோர்ட்டு நிறுவப்பட்டது. வரி தண்டும் அதிகாரிகளையும் ஜமீன்தார்களையும் அந்நீதிமன்றம் தன்முன் அழைக்கத் தொடங்கியதும் கம்பெனி ஆட்சிக்கும் அதற்கும் மோதல் மூண்டது. காசிஜோரா ஜமீன்தார்மீது வந்த வழக்கில், நீதிமன்றத்தின் ஆட்கள் ஆயுதம் தாங்கிச் சென்றார்கள். அவர்களைத் தடுத்துப் பிடிக்கக் கவர்னர் ஜெனரலின் கவுன்சில் தன் சிப்பாய்களை அனுப்பியது. ஒரே அரசின் இரு கைகள் ஒன்றையொன்று முறுக்கிக் கொண்ட காட்சி அது. இம்மோதலை முடிக்க 1781ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் பார்லிமெண்டு ஒரு சட்டம் இயற்றி, வருவாய் சம்பந்தமான எவ்விஷயத்திலும் அந்நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று வரையறுத்துவிட்டது.

இத்தடை பெயர் மாறி, சட்டம் மாறித் தொடர்ந்து வந்தது. உயர் நீதிமன்றங்கள் ஏற்பட்டபின்னும், 1915ஆம் ஆண்டின் இந்திய அரசாங்கச் சட்டத்திலும் அது நிலைபெற்றது. 1935ஆம் ஆண்டுச் சட்டத்தின் 226ஆவது பிரிவிலும் இடம்பெற்றது. வருவாயைப் பற்றியோ, அதை வசூலிப்பதில் நிகழும் செயலைப் பற்றியோ உயர் நீதிமன்றம் தானே நேராக விசாரிக்கலாகாது என்பது அதன் சாரம். இந்த 226 என்னும் எண்ணை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். வரலாறு அவ்வெண்ணைக் கொண்டு பிற்காலத்தில் ஒரு விந்தை நிகழ்த்தியது.

நேராக விசாரிக்க முடியாவிட்டாலும், சாதாரண சிவில் வழக்குத் தொடுக்கலாமே என்று சிலர் முயன்றனர். சென்னை மாகாணத்தில் எழுந்த பாக்கு வழக்கு ஒன்று இவ்வகையில் புகழ்பெற்றது. வெளிநாட்டிலிருந்து வரவழைத்த பாக்குக்குச் சுங்க அதிகாரிகள் மிகுதியாகத் தீர்வை விதித்தார்கள் என்பது மாஸ்க் கம்பெனியின் குறை. 1940இல் லண்டன் பிரிவி கவுன்சில் அதில் தீர்ப்பளித்தது. சிவில் நீதிமன்றத்தின் அதிகாரம் பறிக்கப்பட்டதென்று எளிதில் கொள்ளலாகாது. எனினும், சுங்கச் சட்டமே மேல்முறையீட்டுக்கு முழுமையான வழி வகுத்திருக்கையில், தீர்வை கூடிற்றா குறைந்ததா என்பதைச் சிவில் வழக்கில் கிளப்ப இயலாது என்பது அதன் முடிவு. வெற்றிலை பாக்கில் தொடங்கிய அவ்வழக்கின் கருத்து, இன்றைய வரி வழக்குகள் வரை நீண்டு வந்திருக்கிறது.

மூன்றாண்டு கழித்து, அதே சென்னை உயர் நீதிமன்றத்தைப் பற்றிய இன்னொரு வழக்கு லண்டன் சென்றது. கஞ்சம் சீமையில் பர்லாக்கிமிடி ஜமீனைச் சேர்ந்த குடியானவர்கள், தங்கள் வாரத்தை உயர்த்திச் சென்னை ரெவினியு போர்டு பிறப்பித்த ஆணையை எதிர்த்துப் பேராணை கோரினார்கள். போர்டு சென்னையில் இருப்பதால் மட்டும் உயர் நீதிமன்றம் தலையிட முடியாது. பேராணை வழங்கும் அதிகாரம் பழைய சென்னை நகர எல்லையைத் தாண்டிப் பொதுவாகச் செல்லாது என்று 1943இல் பிரிவி கவுன்சில் கூறிவிட்டது. ஆகவே, 1950க்கு முன்னர் கிராமத்தில் வாழ்ந்த குடியானவருக்குப் பேராணை என்பது கண்ணுக்குத் தெரிந்தும் கைக்கெட்டாத பொருளாகவே இருந்தது.

வித்துராவோ அந்நாளில் பிரிட்டிஷ் இந்தியாவைச் சேர்ந்ததன்று. திருவிதாங்கூர் மகாராஜாவின் ஆளுகைக்கு உட்பட்டது. அங்கே 1946இல் பழைய நிலவரி முறைகளை நீக்கி, நிலத்தின் தரம் எதுவாயினும் ஏக்கருக்குப் பதினான்கு சக்கரம் என்ற அடிப்படை வரியை அரசு விதித்தது. ஏறத்தாழ அரை ரூபாய்க்குச் சமமான தொகை அது. 1949 ஜூலையில் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்தன. எர்ணாகுளத்தில் இரண்டுக்கும் பொதுவான உயர் நீதிமன்றம் ஏற்பட்டது. 1956 நவம்பர் முதல் நாள் கேரள மாநிலம் பிறந்தபோது அதுவே கேரள உயர் நீதிமன்றமாயிற்று. தலைநகர் திருவனந்தபுரத்திலும் உயர் நீதிமன்றம் எர்ணாகுளத்திலும் இருக்கும் ஏற்பாடு இன்றும் தொடர்கிறது. வித்துராக்காரர் பேராணை கோர இருநூறு கிலோமீட்டருக்கு மேல் பிரயாணம் செய்ய வேண்டியிருப்பது இதனால்தான்.

1950 ஜனவரி 26ஆம் நாள் அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அதன் 225ஆவது விதியில் ஒரு சிறு வாசகம், வருவாய் விஷயத்தில் உயர் நீதிமன்றங்களுக்கு இருந்த பழைய தடையை நீக்கிற்று. அடுத்த விதியான 226, நாட்டின் ஒவ்வோர் உயர் நீதிமன்றத்துக்கும் தன் எல்லை முழுவதிலும் அரசாங்கத்துக்கும் அதிகாரிகளுக்கும் பேராணை பிறப்பிக்கும் ஆற்றலை அளித்தது. முன்பு 226 என்ற எண் கதவை அடைத்த எண். இப்போது அதே 226 கதவைத் திறக்கும் எண்ணாயிற்று. தற்செயலாக அமைந்ததே ஆயினும், ஆட்சி மாறியதன் பொருளை இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று அரிது.

கதவு திறந்ததும் மக்கள் திரண்டு நுழைந்தனர். அப்போது எழுந்த வினாவே நாம் ஆராய எடுத்துக்கொண்டது. சட்டத்திலேயே அப்பீல் இருக்கும்போது, உயர் நீதிமன்றம் மனுவை ஏற்கலாமா? 1954இல் உச்ச நீதிமன்றம் இமத்லால் ஹரிலால் மேத்தா என்னும் பருத்தி வியாபாரியின் வழக்கில் இதற்கு முக்கியமான விடை கூறியது. மத்தியப் பிரதேச விற்பனை வரிச் சட்டத்தில் அப்பீல் இருந்தது உண்மை. ஆனால் அப்பீல் செய்வதற்கு முன்னரே வரித்தொகை முழுவதையும் கட்டியாக வேண்டும். சட்டமே செல்லாது என்று வாதிப்பவரை, அச்சட்டத்தின்படி முழுத் தொகையையும் முதலில் கட்டு என்பது பெருஞ்சுமை. அத்தகைய அப்பீலைப் போதிய பரிகாரமென்று சொல்லிப் பேராணையை மறுக்கலாகாது என்று நீதிமன்றம் தீர்மானித்தது.

அடுத்த ஆண்டின் இறுதியில் திருவிதாங்கூர் மண்ணிலிருந்தே ஒரு வழக்கு உச்ச நீதிமன்றத்தில் முடிவடைந்தது. கொல்லத்து முந்திரித் தொழிலதிபர் தங்கள் குஞ்ஞு முசலியார்மீது, வருமானவரி ஏய்ப்பை ஆராயத் திருவிதாங்கூர் அரசு ஏற்படுத்திய விசாரணைக் கமிஷன் சட்டத்தின்கீழ் நடவடிக்கை எழுந்தது. இணைப்புக்குப்பின் அவ்வேலை டில்லியிலுள்ள கமிஷனிடம் சென்றது. அதன் சார்பில் உள்ளூரில் விசாரித்தவர் வெங்கடாசலம் போற்றி என்ற அதிகாரி. மேலிடம் டில்லியில் இருக்க, திருவிதாங்கூர்-கொச்சி உயர் நீதிமன்றம் தன் எல்லைக்குள் இருக்கும் இவ்வதிகாரிக்குப் பேராணை விடுக்கலாமா? விடுக்கலாம் என்றது உச்ச நீதிமன்றம். சட்டப்பிரிவு செல்லாது என்ற முசலியாரின் வாதம் ஏற்கப்படவில்லை. ஆயினும், மேலிடம் எங்கோ இருக்கிறதென்று சொல்லி உள்ளூர் அதிகாரி தப்ப முடியாது என்ற நெறி அவ்வழக்கால் உறுதிப்பட்டது.

இது வெளிமாநிலத் தமிழர்க்கு நேரடியாகப் பயன்படும் செய்தி. 1953இல் சென்னையிலிருந்து சென்ற சாக்கா வெங்கடராவ் வழக்கில், டில்லியிலிருந்த தேர்தல் கமிஷனுக்குச் சென்னை உயர் நீதிமன்றம் பேராணை அனுப்ப முடியாதென்று முடிவாகியிருந்தது. அதனால் தூரத்து மக்கள் பட்ட இடரைக் கண்டு, 1963இல் அரசியல் சட்டத்தின் பதினைந்தாவது திருத்தம், வழக்குக்குக் காரணமான நிகழ்ச்சி எங்கு நடந்ததோ அவ்விடத்து உயர் நீதிமன்றமும் பேராணை விடுக்கலாம் என்று வழி செய்தது. எனவே, வித்துராவில் கடை வைத்திருப்பவர் கேரள அதிகாரியின் வரி ஆணையை எதிர்க்க, தம் சொந்த ஊர் தென்காசிப் பக்கம் என்பதற்காக மதுரைக்கோ சென்னைக்கோ செல்வது பொருந்தாது. ஆணை பிறந்த இடமும் அதன் விளைவு ஏற்பட்ட இடமும் கேரளமாகையால், அவருக்குரிய உயர் நீதிமன்றம் எர்ணாகுளத்ததே. அப்பீலும் அம்மாநிலத்து மேலதிகாரியிடமே செய்ய வேண்டும்.

அப்பீல் இருந்தால் பேராணை இல்லை என்ற நெறி சட்டத்தின் இரும்புக் கட்டளையா, அன்றி நீதிமன்றம் தானே இட்டுக்கொண்ட கட்டுப்பாடா? 1957இல் முகமது நூஹ் என்ற போலீஸ்காரரின் வழக்கில் தலைமை நீதிபதி எஸ். ஆர். தாஸ் இதற்குத் தெளிவு தந்தார். அவ்வழக்கில் விசாரணை நடத்திய அதிகாரியே இடையில் சாட்சிக் கூண்டில் ஏறிச் சாட்சியமும் சொன்னார். பிறகு தாமே தீர்ப்பும் எழுதினார். வேறு காரணத்தால் அப்போலீஸ்காரருக்கு இறுதியில் பயன் கிட்டவில்லை. ஆனால், அப்பீல் வழியை முதலில் தீர்த்துவிட வேண்டுமென்பது கொள்கையும் வசதியும் கருதிய விவேக நெறியே தவிர, அதிகாரத்தையே பறிக்கும் சட்ட விதியன்று என்று அங்கே நிலைநாட்டப்பட்டது. 1961இல் பம்பாய்ச் சுங்க அதிகாரி வெங்கடேசுவரன் வழக்கிலும், பவுண்டன் பேனாக்களுக்கு விதித்த தீர்வையைப் பற்றிய பிணக்கில், உச்ச நீதிமன்றம் இதையே வலியுறுத்தியது. விலக்குகள் இவ்வளவுதான் என்று முடிவாகப் பட்டியலிடவும் அது மறுத்தது.

இக்காலத்தில்தான் கேரளத்து மலைநிலங்களைத் தொட்ட மிகப் பெரிய வரி வழக்கு நிகழ்ந்தது. 1955இல் திருவிதாங்கூர்-கொச்சி நிலவரிச் சட்டம் பிறந்தது. 1957இல் திருத்தப்பெற்று மலபாருக்கும் விரிந்தது. ஏக்கருக்கு இரண்டு ரூபாய் என்பதே வரி. வயலானாலும் சரி, தோட்டமானாலும் சரி, ஒன்றும் விளையாத பாறையானாலும் சரி. மண்ணார்க்காட்டுப் பக்கத்துக் காட்டுடைமையாளர் குன்னத்தாட்டு தாத்துண்ணி மூப்பில் நாயர் தம் நிலையை உச்ச நீதிமன்றத்தின்முன் வைத்தார். காட்டிலிருந்து அவருக்கு ஆண்டுக்கு வரும் வருமானம் மூவாயிரத்துச் சொச்சம். கட்ட வேண்டிய வரியோ ஐம்பதாயிரம் ரூபாய்க்கு மேல்.

1960 டிசம்பர் 9ஆம் நாள் தலைமை நீதிபதி பி. பி. சின்ஹா பெரும்பான்மையோர் சார்பில் அச்சட்டம் செல்லாதென்று தீர்ப்பளித்தார், நீதிபதி ஏ. கே. சர்க்கார் மட்டும் மாறுபட்டார். சமமல்லாதவற்றைச் சமமாக நடத்துவதும் பாரபட்சமே என்பது ஒரு காரணம். நமக்கு இங்கே முக்கியமான காரணம் மற்றொன்று. அளவை செய்யப்படாத நிலத்துக்குத் தற்காலிகமாக வரி விதிக்க அச்சட்டம் அதிகாரம் கொடுத்தது; ஆனால் உடைமையாளருக்கு நோட்டீசு கொடு என்று சொல்லவில்லை; அவர் சொல்வதைக் கேள் என்று சொல்லவில்லை; தவறினால் முறையிட ஓர் அப்பீலும் வைக்கவில்லை. வரி விதிப்பது நீதித் தன்மை கலந்த செயலாயிருக்க, அதை வெறும் ஆபீஸ் வேலையாக்கியது அச்சட்டத்தின் பெருங்குறை என்றது நீதிமன்றம். மறு ஆண்டே கேரள அரசு புதிய நிலவரிச் சட்டம் இயற்ற வேண்டியதாயிற்று. கட்டிடங்களின் தளப்பரப்பை மட்டும் அளந்து வரி விதித்த 1961ஆம் ஆண்டின் கேரளக் கட்டிட வரிச் சட்டத்தையும் உயர் நீதிமன்றம் செல்லாததாக்கியது. ஹாஜி குட்டி நஹா வழக்கில் 1968இல் உச்ச நீதிமன்றம் அதனை உறுதி செய்தது. நகரத்துக் கடைத்தெருவில் நிற்கும் கட்டிடத்துக்கும் மலையடிவாரத்துக் கட்டிடத்துக்கும் ஒரே முழக்கோல் போதாதென்பது அதன் கருத்து.

இவ்வழக்குகளை மட்டும் நோக்கினால், எந்த வரி ஆணைக்கும் நேரே உயர் நீதிமன்றம் செல்லலாம் என்ற எண்ணம் தோன்றும். அவ்வெண்ணம் தவறு. மூப்பில் நாயரும் குட்டி நஹாவும் எதிர்த்தது கணக்கையன்று. கணக்கிடும் அதிகாரத்தின் அடித்தளத்தையே எதிர்த்தனர். கணக்கைப் பற்றிய சண்டை வேறு. 1964இல் அஸ்ஸாமிலிருந்து வந்த தான்சிங் நாத்மல் வழக்கில் நீதிபதி ஜே. சி. ஷா இவ்வேறுபாட்டை உறுதியாக வரைந்தார். உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் பரந்தது. ஆயினும் வரி அதிகாரியின் முடிவைச் சாட்சியம் பார்த்துத் திருத்தும் அப்பீல் நீதிமன்றம் அது அன்று. சட்டம் அமைத்த படிகளைத் தாண்டிக் குதிக்கப் பேராணையை ஏணியாக்க இடம் கொடாது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

இக்கட்டுப்பாட்டுக்குத் தக்க காரணமும் உண்டு. நம் மளிகைக் கடைக்காரரின் ரொக்கக் குறிப்பு, கொள்முதல் பில், இருப்புக் கணக்கு ஆகியவற்றை வரிக்கு வரி புரட்டிப் பார்த்து, விற்பனை இவ்வளவுதான் என்று காண்பவர் மேல்முறையீட்டு அதிகாரி. உயர் நீதிமன்றமோ பிரமாணப் பத்திரங்களைக் கொண்டு சட்டப் பிரச்சினையைத் தீர்ப்பது. கணக்கு மூட்டைகளை அதன்முன் அவிழ்த்தால், அவ்வழக்கும் தேங்கும்; வாழ்வுரிமைக்காகவும் சிறைவிடுதலைக்காகவும் காத்திருக்கும் பிறர் வழக்குகளும் தேங்கும்.

எனினும், நீதிமன்றம் தானே இட்டுக்கொண்ட கட்டுப்பாடு வேறு, ஆட்சி அதன் கழுத்தில் மாட்டும் கட்டு வேறு. நெருக்கடி நிலைக் காலத்தில் 1976இல் நிறைவேறிய நாற்பத்திரண்டாவது திருத்தம், இவ்விவேக நெறியை இரும்புத் தடையாக மாற்றிற்று. அடிப்படை உரிமை பற்றிய மனுக்கள் நீங்கலாக, வேறு சட்டப் பரிகாரம் இருந்தால் உயர் நீதிமன்றம் மனுவை ஏற்கவே கூடாதென்று அது 226ஆவது விதியைத் திருத்தி எழுதியது. நிலுவையிலிருந்த மனுக்களையும் அது பற்றியது. 1950இல் வருவாய்த் தடையை நீக்கிய 225ஆவது விதியின் வாசகமும் எடுக்கப்பட்டது. 1977 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த இந்நிலை நெடுநாள் நீடிக்கவில்லை. 1978இல் நிறைவேறிய நாற்பத்துநான்காவது திருத்தம் பழைய நிலையை மீட்டது. 1979 ஆகஸ்டு முதல் 226ஆவது விதி மீண்டும் தன் விரிவைப் பெற்றது. சொல்லளவில் சிறியதாகத் தோன்றும் இவ்வேறுபாடு, குடிமகனுக்கு எவ்வளவு பெரியது என்பதை அவ்விரண்டரை ஆண்டுகள் உணர்த்தின. நீதிபதி வேண்டாமென்று நினைத்தால் அனுப்பிவிடலாம். வேண்டுமென்று கண்டால் காக்கவும் முடியும். தடை இருந்த நாளில் காக்க நினைத்தாலும் இயலாது.

அதன்பின் வந்த ஆண்டுகளில் நீதிமன்றங்கள் வரி மனுக்களை மேலும் கண்டிப்பாக நோக்கின. 1983இல் ஒரிஸ்ஸா விற்பனை வரியைப் பற்றிய திட்டாகர் காகித ஆலை வழக்கில், பொறுப்பை உண்டாக்கிய சட்டமே பரிகாரத்தையும் வகுத்திருந்தால், அப்பரிகாரத்தையே நாட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. 1984இல் டன்லப் டயர் கம்பெனியின் கலால் வழக்கில், பாங்கு ஜாமீன்களை மட்டும் நம்பி அரசாங்கம் நடத்த முடியாது என்று நீதிபதி சின்னப்ப ரெட்டி எச்சரித்தார். பெருங்கம்பெனிகள் தடையாணை வாங்கிக்கொண்டு வரியை ஆண்டுக்கணக்கில் நிறுத்தி வைப்பதைக் கண்ட கவலை அத்தீர்ப்பில் ஒலிக்கிறது. 1998இல் வேர்ல்பூல் என்னும் வணிகச்சின்ன வழக்கில், இன்று வழக்கறிஞர் யாவரும் சுட்டும் நான்கு விலக்குகள் ஒருங்கே சொல்லப்பட்டன. அடிப்படை உரிமை மீறப்பட்டால். விசாரணையின்றி, வாய் திறக்க வாய்ப்பின்றி ஆணை பிறந்தால். அதிகாரமே இல்லாதவர் ஆணையிட்டால். சட்டமே செல்லாதென்று வாதித்தால். இந்நான்கிலும் அப்பீல் இருந்தபோதிலும் பேராணைக்கு இடமுண்டு.

இவ்வளவு வரலாறும் நம் கடைக்காரருக்கு எதைக் கற்பிக்கிறது? இன்றைய சரக்கு சேவை வரிச் சட்டம் 2017 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன்படி வரி ஆணை கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் முதல் அப்பீல் செய்ய வேண்டும். தக்க காரணம் காட்டினால் மேலும் ஒரு மாதம் பொறுத்துக்கொள்வர். தாம் ஒப்புக்கொண்ட வரியை முழுதாகவும், பிணக்கிலுள்ள வரியில் பத்தில் ஒரு பங்கையும் முன்னதாகக் கட்ட வேண்டும். இமத்லால் காலத்தில் முழுத் தொகையாயிருந்த சுமை, இன்று பத்தில் ஒன்றாகக் குறைந்திருப்பது அப்பழைய வழக்குகள் எழுப்பிய வினாவின் நிழலிலேயே பார்க்கத்தக்கது. அடுத்த படியாகிய மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமோ நெடுங்காலம் ஏட்டளவில் மட்டுமே இருந்தது. 2025 செப்டம்பரில்தான் முறையாகத் தொடங்கி வைக்கப்பட்டது. படி கட்டப்படாத இடைக்காலத்தில் மக்கள் உயர் நீதிமன்றத்தை நாடியதில் வியப்பில்லை.

ஆயினும் நாள் தவறுவதே பேராபத்து. 2020 மே மாதம் ஆந்திரத்து மதிப்புக்கூட்டு வரி பற்றிய கிளாக்ஸோ கம்பெனி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைக் கடுமையாகவே சொல்லிற்று. அப்பீலுக்குரிய காலமும், மன்னிக்கத்தக்க கூடுதல் காலமும் கடந்தபின், அத்தவறைப் பேராணை மனுவால் சரிக்கட்ட முடியாது. கோடிகளைக் கையாளும் கம்பெனிக்கே இவ்விதி என்றால், சிறு வியாபாரிக்கு வேறு விதி இராது. பலர் செய்வது யாதெனில், ஆணை வந்ததும் கோபத்தோடு எர்ணாகுளம் சென்று மனுப் போடுவது. ஈராண்டோ மூவாண்டோ கழிந்தபின், அப்பீலுக்குப் போ என்ற ஒரு வரி ஆணையோடு திரும்புவது. அப்போது அப்பீல் நாள் எப்போதோ கழிந்திருப்பது. சில வேளைகளில் நீதிமன்றமே கால அவகாசம் கொடுத்து அனுப்புவதுண்டு. அஃது அருள், உரிமையன்று.

மறுபுறம், அப்பீல் இருக்கிறது என்ற ஒரே சொல்லால் எல்லா மனுக்களையும் தள்ளிவிடுவதும் நீதியாகாது. 2023 பிப்ரவரியில், ஹரியானா மதிப்புக்கூட்டு வரியைப் பற்றிய கோத்ரெஜ் சாரா லீ வழக்கில், உயர் நீதிமன்றம் அப்பீலைக் காரணம் காட்டி மனுவைத் தள்ளியது தவறென்று உச்ச நீதிமன்றம் கூறியது. மனுத் தொடுக்க அதிகாரம் உண்டா என்பது ஒன்று. தொடுத்த மனுவை விசாரிப்பது தக்கதா என்பது மற்றொன்று. இவ்விரண்டையும் கலக்கலாகாது. உண்மை நிகழ்ச்சியில் பிணக்கின்றி, முற்றிலும் சட்டத்தைப் பற்றிய கேள்வியே எழுந்தால், அதை அப்பீல் அதிகாரியிடம் அனுப்புவதில் பயனில்லை என்பது அத்தீர்ப்பின் கருத்து. 1957இல் சொல்லப்பட்ட நெறி அறுபத்தைந்து ஆண்டு கடந்தும் அப்படியே நிற்கிறது.

ஆகவே, இரு வழிகளையும் பிரித்துணர ஓர் எளிய உரைகல் உண்டு. அதிகாரி கணக்கைத் தவறாகப் போட்டாரா? அப்படியாயின், குறித்த நாளுக்குள் அப்பீல் செய்வதே அறிவுடைமை. நோட்டீசே தராமல், கேளாமல், அதிகாரமில்லாமல், அல்லது செல்லாத சட்டத்தைக் கொண்டு ஆணையிட்டாரா? அப்போது 226ஆவது விதியின் கதவைத் தட்டலாம்; தட்டும்போதும் அப்பீலின் நாள் எண்ணிக்கையை மறவாதிருத்தல் வேண்டும். இரண்டில் எது என்று ஐயம் நேர்ந்தால், ஆணை கைக்கு வந்த தேதியை அதன் மேற்புறத்தில் எழுதி வைத்துக்கொண்டு, அன்றே தக்க வழக்கறிஞரைக் கலந்துகொள்வது நலம்.

மொழி தெரியாத ஆபீஸ், தூரத்து நீதிமன்றம், முன்பணம், நாட்கணக்கு ஆகியவை வேற்றூரில் வாழ்வார்க்கு இருமடங்கு பாரம். வழக்கில் தோற்பவரைவிட, வழி தெரியாமல் உரிமையை இழப்பவரே அவர்களில் மிகுதி. காசிஜோராவில் சிப்பாய்களை ஏவி நீதிமன்றத்தைத் தடுத்த அரசிலிருந்து, மலைக்காட்டு உடைமையாளர் ஒருவரின் முறையீட்டுக்குச் செவிசாய்த்துச் சட்டத்தையே நீக்கிய நீதிமன்றம் வரை நாம் வந்த தூரம் பெரிது. 1781இல் நீதிமன்றக் கதவு பூட்டியிருந்தது, 1950இல் திறந்தது, 1977இல் பாதி அடைத்தது, 1979இல் மீண்டும் திறந்தது. திறந்த கதவின் வாயிலில் நீதிபதி ஒரு கேள்வி கேட்கிறார்: சட்டம் காட்டிய படியில் முதலில் ஏறினாயா, இல்லையெனில், ஏன்? அக்கேள்விக்குத் தக்க விடையோடு செல்பவர் வித்துராவிலிருந்து வந்தாலும் வேறெங்கிருந்து வந்தாலும் வெறுங்கையோடு திரும்ப வேண்டியதில்லை.